தொரகுசு யமஹா

தொரகுசு யமஹா (ஏப்ரல் 20, 1851 – ஆகஸ்ட் 8, 1916) ஜப்பானில் மேற்கத்திய இசைக்கருவிகளைத் தொழில்முறையில் உற்பத்தி செய்த முன்னோடிகளுள் ஒருவர் ஆவார். இவர் தொடங்கிய நிப்பொன் காக்கி நிறுவனமே பின்னர் யமஹா நிறுவனம் எனப் பெயர் மாற்றம் பெற்றது. இப்பெயரைக் கேட்டதும் தமிழ்நாட்டில் பலருக்கு மோட்டார் சைக்கிளே நினைவுக்கு வரும். எனினும் தொரகுசு இறந்து ஏறத்தாழ நாற்பது ஆண்டுகள் கழிந்த பின்னரே அவ்வாகனங்கள் உருவாயின.

இளமை

இன்றைய வகயாமா மாநிலப் பகுதியில் இருந்த கிஷு சிற்றரசில் சாமுராய் குடும்பமொன்றில் பிறந்தார். தந்தை வானியலும் நில அளவையும் அறிந்தவர். அதனால் வீட்டில் இருந்த நூல்களும் கருவிகளும் சிறுவனுக்கு இயந்திரங்களின் மீது ஆர்வத்தை ஏற்படுத்தின. மெய்ஜி ஆட்சி மாற்றத்தால் சாமுராய் வகுப்பு தன் சலுகைகளை இழந்தபோது கைத்தொழிலை நாடினார். நாகசாகியில் கடிகாரத் தொழிலைக் கற்றார். கடிகாரத் தொழில் தொடங்க முதல் இல்லாமையால் மருத்துவக் கருவிகளைப் பழுது பார்க்கும் வேலைக்கு மாறி, பின் ஹமாமட்சு நகரில் குடியேறினார்.

முதல் ஆர்கன்

அக்காலத்தில் ஜப்பானிய அரசு பள்ளிகளில் பாட்டைப் பாடமாக்க முயன்று வந்தது. அதற்குத் தேவையான நாக்கு ஆர்கன்கள் வெளிநாடுகளிலிருந்தே வந்தன. காலால் மிதித்துக் காற்றைச் செலுத்தி உலோக நாக்குகளை அதிரச் செய்யும் இக்கருவி, நம் நாடக மேடைகளில் ஒலித்த கால் ஆர்மோனியத்தின் நெருங்கிய உறவு. 1887ல் ஹமாமட்சு தொடக்கப்பள்ளியில் இருந்த அமெரிக்க ஆர்கன் பழுதடைந்தது. ஊரில் நுண்கருவி வேலை தெரிந்தவர் என்பதால் தொரகுசு அழைக்கப்பட்டார். அவர் அதனைச் சரிசெய்ததோடு உள்ளமைப்பை வரைபடமாக்கியும் கொண்டார். பின்னர் கிசபுரோ கவாய் என்ற கைவினைஞருடன் சேர்ந்து ஏறத்தாழ இரண்டு மாதங்களில் ஓர் ஆர்கனைச் செய்து முடித்தார்.

ஹமாமட்சுவிலிருந்து டோக்கியோவுக்கு அப்போது தொடர்வண்டிப் பாதை முழுமை பெறவில்லை. எனவே இருவரும் ஆர்கனைக் கம்பில் கட்டித் தோளில் சுமந்து, ஹகோனே மலையைக் கடந்து, சுமார் 250 கி.மீ. நடந்து சென்றனர். அங்கு இசைக்கல்வி நிலையத்தின் தலைவராயிருந்த ஷுஜி இசவா, கருவியின் வடிவமைப்பு நன்றெனினும் சுருதி சேரவில்லை எனக் கூறினார். கடிகாரக்காரருக்கு இயந்திரம் தெரிந்திருந்தது, சுரங்கள் தெரியவில்லை. அந்நிலையத்திலேயே ஏறத்தாழ ஒரு மாதம் தங்கி இசைக் கோட்பாட்டையும் சுருதி சேர்த்தலையும் கற்றுத் திரும்பினார். அடுத்துச் செய்த ஆர்கன் இறக்குமதிக் கருவிகளுக்கு ஈடானதாக ஏற்கப்பட்டது.

நிறுவனத்தின் வளர்ச்சி

1889ல் பங்காளிகளுடன் கூட்டு நிறுவனம் அமைத்தார். முதலீட்டாளர்கள் பணத்தைத் திரும்பப் பெற்றமையால் 1891ல் அது கலைக்கப்பட்டது. மீண்டும் கவாயுடன் இணைந்து தொழிலை நிமிர்த்தினார். 1897ல் 1,00,000 யென் மூலதனத்துடன் நிப்பொன் காக்கி உருவானது. தொரகுசு அதன் முதல் தலைவரானார். சுருதிக்கவை அதன் சின்னமாயிற்று. சுருதி சேராத முதல் ஆர்கனை எண்ணும்போது இத்தேர்வு பொருத்தமானதே.

1899ல் அமெரிக்கா சென்று பியானோத் தொழிற்சாலைகளைப் பார்வையிட்டு, பொறிகளையும் உதிரிப்பாகங்களையும் வாங்கி வந்தார். 1900ல் நிமிர்ந்த பியானோவும், 1902ல் கிராண்ட் பியானோவும் வெளிவந்தன. இளவயதிலேயே இவரிடம் பணியில் சேர்ந்த கொய்ச்சி கவாய், பியானோவின் சுத்தியல் பொறியமைப்பை ஜப்பானிலேயே உருவாக்கியவராகப் போற்றப்படுகிறார். 1904ல் அமெரிக்காவின் செயின்ட் லூயிஸ் உலகக் கண்காட்சியில் நிறுவனத்தின் கருவிகள் பரிசு பெற்றன. மர வேலையில் பெற்ற தேர்ச்சியால் 1903 முதல் வீட்டு மரச்சாமான்களும் செய்யப்பட்டன. 1914ல் மவுத் ஆர்கன் உற்பத்தி தொடங்கியது.

மறைவுக்குப் பின்

தொரகுசு 1916ல் காலமானார். மர அறிவே 1921ல் நிறுவனத்தை வானூர்தி உந்துவிசிறிகள் செய்யத் தூண்டியது. 1926ல் தொழிலாளர் வேலைநிறுத்தம் 105 நாட்கள் நீடித்து நிறுவனத்தை அழிவின் விளிம்புக்குக் கொண்டு சென்றது. அடுத்த ஆண்டு கொய்ச்சி கவாய் விலகி, அதே நகரில் தன் பெயரிலேயே போட்டி நிறுவனம் தொடங்கினார். யமஹா மோட்டார் 1955ல் தனி நிறுவனமாகப் பிரிந்தது. நிப்பொன் காக்கி 1987ல், முதல் ஆர்கனின் நூற்றாண்டில், நிறுவனரின் பெயரை ஏற்றது.