ஹம்பிரி ஜெனிங்ஸ்

படையெடுத்து வரும் பகைவரைத் தடுக்கப் படைக்கலங்கள் வேண்டும். நாட்டு மக்களின் நெஞ்சம் தளராமற் காக்கவோ சொல் வேண்டும். இருபதாம் நூற்றாண்டில் அச்சொல்லுக்குத் துணையாகச் சினிமாப் படமும் வந்து சேர்ந்தது. யுத்தப் பிரசாரம் என்றாலே பொய்யும் பகைமையும் கலந்தது என்பது பலர் கருத்து. அதற்குப் பெரிதும் விலக்காய் நின்ற ஒருவரின் வரலாற்றை ஈண்டுச் சுருங்கக் கூறுவோம்.

ஹம்பிரி ஜெனிங்ஸ் 1907-ஆம் ஆண்டில் இங்கிலாந்தின் கீழ்க்கரையிலுள்ள வால்பர்ஸ்விக் என்னும் சிற்றூரிற் பிறந்தார். கேம்பிரிட்ஜில் ஆங்கில இலக்கியம் பயின்றார். ஓவியமும் கவிதையும் வல்லவர். 1934-இல் தபால் இலாகாவின் படப்பிரிவிற் சேர்ந்தார். 1937-இல் பொதுமக்களின் அன்றாட வாழ்வை உற்றுநோக்கிக் குறித்துவைக்கும் இயக்கமொன்றை நண்பர் இருவருடன் தொடங்கினார். எளியோரை நோக்கும் அப்பழக்கமே பின்னர் அவர்தம் படங்களுக்கு உயிராயிற்று.

1940-இல் ஜெர்மானியர் லண்டன்மீது இரவுதோறும் குண்டு பொழிந்தனர். இடிபாடுகளினூடே நகரத்தார் மறுநாட் காலையில் வேலைக்குச் செல்வதை ஜெனிங்ஸும் ஹாரி வாட் என்பாரும் படமாக்கினர். அப்போது யுத்தத்திற் சேராதிருந்த அமெரிக்கரின் மனத்தைக் கவர்வதே அதன் நோக்கம். ஆதலின் அமெரிக்கப் பத்திரிகையாளர் ஒருவரே விளக்கம் உரைத்தார்.

1942-இல் வந்த படத்திலோ விளக்கவுரையே இல்லை. ஆலைகளின் ஓசையும் தொழிலாளர் பாட்டுமே பேசுகின்றன. மைரா ஹெஸ் அம்மையார் தேசியச் சித்திரசாலையில் மோஸார்ட்டின் இசையைப் பியானோவில் வாசிக்கிறார். பகைவரின் மொழி பேசியவரது இசையையும் போற்றும் மக்களை அங்கே காண்கின்றோம். 1943-இல் வந்த தீயணைப்புப் படத்தில் நடித்தோர் நடிகரல்லர். மெய்யாகவே தீயணைத்த வீரர்.

1942 ஜூன் மாதத்தில் நாஜிகள் செக் நாட்டு லிடிஸே கிராமத்து ஆடவரைச் சுட்டுக்கொன்று, ஊரையும் அழித்தனர். அக்கொடுமையை ஜெனிங்ஸ் வேல்ஸ் நாட்டுச் சுரங்கக் கிராமமொன்றில் நிகழ்ந்ததாகவே அமைத்தார், அவ்வூராரே நடித்தனர். அயலார் துயரைத் தம் துயராக உணர்த்த இதனினும் சிறந்த வழி உண்டோ?

1945-இல் வந்த 'டிமதிக்கு ஒரு நாட்குறிப்பு' யுத்தகாலத்திற் பிறந்த ஒரு குழந்தையை நோக்கிப் பேசுவது. உரை எழுதியவர் நாவலாசிரியர் பார்ஸ்டர். வெற்றி நெருங்கிய வேளையிலும் அப்படம் ஆரவாரம் செய்யவில்லை. அக்குழந்தை எத்தகைய உலகை அமைக்குமோ என்று வினவி நிற்கின்றது.

1950 செப்டம்பரில், கிரேக்க நாட்டுப் போரோஸ் தீவில் படத்திற்கு இடம் தேடுகையில் பாறையினின்று வீழ்ந்து, 43-ஆம் வயதில் ஜெனிங்ஸ் மாண்டார்.

அரசாங்கத்தின் ஊதியம் பெற்று ஆக்கிய படங்களாதலின், மக்களின் அச்சமும் புலம்பலும் அவற்றில் அருகியே காணப்படும். அக்குறையை நாம் மறைக்க வேண்டுவதில்லை. ஆயினும் பகைவரைத் தூற்றுதலினும் தம்மவரின் பொறுமையைக் காட்டுதலையே அவர் பெரிதெனக் கொண்டார். பேனாவும் படக்கருவியும் ஏந்தப்போகும் மாணவராகிய நாம் அவர்பால் கற்றற்குரியது இதுவேயாம்.