எஃப். டபிள்யூ. முர்னௌ

பிரீட்ரிக் வில்லெம் முர்னௌ (டிசம்பர் 28, 1888 - மார்ச் 11, 1931) பேசாப் படக் காலத்தைச் சேர்ந்த ஜெர்மானியத் திரைப்பட இயக்குனர் ஆவார். நோஸ்ஃபெராட்டு (1922), கடைசி மனிதன் (1924), சன்ரைஸ் (1927) ஆகியன இவரது புகழ்பெற்ற படங்கள். இவர் இயக்கிய 21 படங்களுள் பல இன்று கிடைப்பதில்லை.

இளமை

ஜெர்மனியின் பீலெஃபெல்டு நகரில் பிறந்த இவரது இயற்பெயர் பிரீட்ரிக் வில்லெம் பிளம்ப்பே. பெர்லினில் மொழியியலும், ஐடெல்பெர்க்கில் கலை வரலாறும் இலக்கியமும் பயின்றார். அங்கு மாணவர் நாடகம் ஒன்றில் இவரைக் கண்ட நாடக இயக்குனர் மாக்ஸ் ரெயின்ஹார்ட் தமது நடிப்புப் பள்ளியில் சேர்த்துக்கொண்டார். முர்னௌ என்பது பவேரியாவிலுள்ள ஓர் ஊரின் பெயர். அதையே தம் பெயராக்கிக் கொண்டார்.

முதலாம் உலகப் போரில் முதலில் காலாட்படையிலும் பின்னர் வான்படையிலும் பணியாற்றினார். 1917-இல் இவரது விமானம் சுவிட்சர்லாந்தில் தரையிறங்கியதால், போர் முடியும்வரை அங்கேயே தடுத்து வைக்கப்பட்டார். 1919-இல் வெளிவந்த இவரது முதற்படம் தொலைந்துவிட்டது.

நோஸ்ஃபெராட்டு

பிராம் ஸ்டோக்கரின் டிராகுலா (1897) புதினத்தைத் தழுவியது இப்படம். பிராணா நிறுவனம் உரிமை எதுவும் பெறாமல், பாத்திரங்களின் பெயர்களை மட்டும் மாற்றிப் படமெடுத்தது. டிராகுலா பிரபு ஓர்லோக் பிரபு ஆனார்; மாக்ஸ் ஷ்ரெக் அப்பாத்திரத்தில் நடித்தார். வரைந்த அரங்குகளுக்குள் பேய்க்கதைகள் படமாக்கப்பட்ட அக்காலத்தில், முர்னௌ விஸ்மார், லூபெக் நகர்களின் தெருக்களிலும் இன்றைய சிலோவாக்கியாவிலுள்ள ஓராவா கோட்டையிலும் படம்பிடித்தார். இரத்தக் காட்டேரி சூரிய ஒளியில் அழியும் என்ற கருத்து புதினத்தில் இல்லை. அது இப்படத்தின் மூலமே பரவியது.

ஸ்டோக்கரின் மனைவி புளோரன்ஸ் வழக்குத் தொடர்ந்தார். பிராணா அதற்குள் திவாலாகியிருந்தமையால் இழப்பீடு பெற வழியில்லை. 1925-இல் ஜெர்மானிய நீதிமன்றம் எல்லாப் படிகளையும் அழிக்க ஆணையிட்டது. எனினும் வெளிநாடுகளுக்கு ஏற்கனவே சென்றுவிட்ட படிகள் தப்பின. யாரும் அழிக்கச் சொல்லாத படங்கள் மறைந்துபோக, நீதிமன்றம் அழிக்கச் சொன்ன படம் எஞ்சியது.

கடைசி மனிதன்

விடுதி வாயிற்காவலர் ஒருவர் முதுமை காரணமாகக் கழிவறைப் பணிக்கு மாற்றப்படுகிறார். பகட்டான சீருடையை இழந்ததும் அண்டை வீட்டாரிடையே அவரது மதிப்பும் போய்விடுகிறது. எமில் ஜன்னிங்ஸ் நடித்த இப்படம் வசன அட்டைகள் ஏறக்குறைய இன்றியே கதை சொல்கிறது. ஒளிப்பதிவாளர் கார்ல் பிராய்ண்ட் ஒளிப்படக் கருவியைத் தாங்கியிலிருந்து விடுவித்தார்: மார்பில் கட்டிக்கொண்டு நடந்தார், மின்தூக்கியிலும் மிதிவண்டியிலும் ஏற்றினார். இன்று எளிதாகத் தோன்றும் இம்முறை, கருவி ஒரே இடத்தில் நின்ற அக்காலத்தில் பெரிய மாற்றமாகும்.

அமெரிக்காவில்

ஃபாஸ்ட் (1926) படத்திற்குப் பின் வில்லியம் ஃபாக்ஸின் அழைப்பை ஏற்று ஆலிவுட் சென்றார். அங்கு இவர் எடுத்த முதற்படமான சன்ரைஸ், 1929-இல் நடந்த முதல் ஆஸ்கார் விழாவில் மூன்று விருதுகளைப் பெற்றது. அதன் மூல நெகடிவ் 1937-இல் ஃபாக்ஸ் கிடங்கில் ஏற்பட்ட தீயில் எரிந்தது. இன்று காணப்படுவது எஞ்சிய படிகளிலிருந்து எடுக்கப்பட்டதே. அடுத்த படமான நான்கு பிசாசுகள் (1928) முற்றிலும் தொலைந்தது. அதற்கடுத்த சிட்டி கேர்ள் (1930) படத்தை, பேசும் படங்கள் வந்துவிட்டதால், நிறுவனம் இவர் இல்லாமலேயே பேச்சுக் காட்சிகள் சேர்த்து வெளியிட்டது. அந்த வடிவம் மறைந்து, முர்னௌ எடுத்த பேசா வடிவமே பிற்காலத்தில் கிடைத்தது.

மறைவு

ஃபாக்ஸை விட்டு விலகி, ராபர்ட் பிளாகர்ட்டியுடன் சேர்ந்து பசிபிக் தீவான போரா போராவில் டாபு படத்தைத் தொடங்கினார். கருத்து வேறுபாட்டால் பிளாகர்ட்டி விலக, முர்னௌவே தம் பணத்தைச் செலவிட்டு முடித்தார். படம் வெளியாகும் முன்பே, கலிபோர்னியாவின் சாண்டா பார்பரா அருகே நேர்ந்த கார் விபத்தில் காயமுற்று, மறுநாள் 42-ஆம் வயதில் இறந்தார். ஒரு வாரம் கழித்து, மார்ச் 18, 1931 அன்று, நியூயார்க்கில் டாபு திரையிடப்பட்டது.

இவரது உடல் பெர்லின் அருகே ஸ்டான்ஸ்டார்ஃப் கல்லறைத் தோட்டத்தில் அடக்கம் செய்யப்பட்டது. இயக்குனர் பிரிட்ஸ் லாங் இரங்கலுரை ஆற்றினார். ஜூலை 2015-இல் அக்கல்லறை உடைக்கப்பட்டு மண்டையோடு திருடப்பட்டது தெரியவந்தது.