தடி தந்த மந்திரி ராபர்ட் பீல்

லண்டன் போலீஸ்காரருக்கு பாபி என்று ஒரு செல்லப் பெயர் உண்டு. ராபர்ட் என்பதன் சுருக்கம்தான் பாபி. யார் அந்த ராபர்ட்?

இங்கிலாந்தில் பரி என்ற ஊரில் 1788-ம் ஆண்டு பிறந்தவர் ராபர்ட் பீல். தந்தை பஞ்சாலை முதலாளி, பெரும் பணக்காரர். ஆக்ஸ்போர்டில் படித்த மகன், 21-வது வயதிலேயே பார்லிமெண்டு உறுப்பினர் ஆனார்.

வாள் பாய்ந்தது!

அந்தக் காலத்தில் கலகம் மூண்டால், அடக்குவதற்கு ராணுவம்தான் வரும். 1780-ல் லண்டனில் நடந்த கலவரத்தில் 200 பேருக்கு மேல் சுட்டுக் கொல்லப்பட்டனர்.

1819 ஆகஸ்டு 16-ந் தேதி, மான்செஸ்டர் நகரில் ஒரு கூட்டம். ஓட்டுரிமை கேட்டு, ஆண்களும் பெண்களும் குழந்தைகளுமாக சுமார் 60 ஆயிரம் பேர் கூடியிருந்தார்கள். அமைதியான கூட்டம். அதற்குள் குதிரைப் படை வாளுடன் பாய்ந்தது! 15 பேருக்குக் குறையாமல் மாண்டனர். நூற்றுக்கணக்கானவர்கள் காயம் அடைந்தனர். நாடே பதறியது.

நீலக் கோட்டு

1822-ல் பீல் உள்நாட்டு மந்திரி ஆனார். லண்டனுக்குத் தனியாக ஒரு போலீஸ் படை வேண்டும் என்றார். எதிர்ப்புக் கிளம்பியது. போலீஸ் வந்தால் ஒற்றர்களும் வருவார்கள், சுதந்திரம் பறிபோகும் என்று மக்கள் அஞ்சினார்கள். ஆனாலும் பீல் விடவில்லை. 1829-ல் சட்டம் நிறைவேறியது.

செப்டம்பர் 29-ந் தேதி புதிய போலீசார் வீதிக்கு வந்தனர். ராணுவத்தார் போலத் தோன்றக்கூடாது என்று, சிவப்பு உடுப்புக்குப் பதில் நீலக் கோட்டு கொடுக்கப்பட்டது. தலையில் உயரமான தொப்பி. கையில் துப்பாக்கி இல்லை. ஒரு மரத்தடி மட்டுமே. ரோவான் என்ற ராணுவ வீரரும், மேய்ன் என்ற வக்கீலும் படைக்குத் தலைமை தாங்கினார்கள். குற்றம் நடந்தபின் பிடிப்பதைவிட, நடக்காமல் தடுப்பதே முதல் கடமை என்று போலீசாருக்குச் சொல்லப்பட்டது.

1830 நவம்பரில் லண்டனில் கலகக் கும்பல் கிளம்பியது. போலீசார் ஒன்றாகத் திரண்டு, தடியுடன் முன்னேறிக் கூட்டத்தைக் கலைத்தனர்.

தடிக்கும் அளவு உண்டு

ஆனால் தடியும் வரம்பு மீறலாம். பீல் பதவியில் இல்லாத 1833-ல், லண்டனில் ஒரு கூட்டத்தைப் போலீசார் அடித்துக் கலைத்தார்கள். கைகலப்பில் ஒரு போலீஸ்காரர் குத்திக் கொல்லப்பட்டார். விசாரித்த ஜூரிகளோ, கொலை நியாயமானதே என்று தீர்ப்புக் கூறினார்கள்! முறையாக எச்சரிக்காமல் போலீசார் மூர்க்கமாக நடந்தார்கள் என்பது அவர்கள் முடிவு. மக்களின் நம்பிக்கையைத் தடியால் பெற முடியாது என்பதைப் போலீஸ் படை உணரவேண்டி வந்தது.

பீல் இருமுறை பிரதம மந்திரியாக இருந்தார். 1846-ல் தானியத்தின் மீதான இறக்குமதி வரிச் சட்டத்தை ஒழித்தார். அதனால் சொந்தக் கட்சியே பிளந்தது, பதவியும் போயிற்று.

1850-ல் குதிரையில் இருந்து விழுந்து, ஜூலை 2-ந் தேதி காலமானார். அவர் நினைவுக்காக, ஏழைத் தொழிலாளர்கள் பென்னி பென்னியாக நிதி சேர்த்தார்கள். அவர் வீட்டின் முன் கூடி நின்ற கூட்டத்தைக் கலைக்க, எந்தத் தடியும் தேவைப்படவில்லை.