தங்கம் கையில், காசு இல்லை: கோலாரைத் தோண்டப் போன லாவெல்
பெங்களூருவில் வேலை பார்க்கிறீர்களா? லாவெல் ரோடு வழியாக ஒருமுறையாவது போயிருப்பீர்கள். அந்தப் பெயருக்குரியவர் மைக்கேல் ஃபிட்ஸ்ஜெரால்ட் லாவெல், அயர்லாந்துக்காரர், ஓய்வுபெற்ற ராணுவ வீரர். நியூசிலாந்துப் போருக்குப் போன இடத்தில் தங்க ஆசை ஒட்டிக்கொண்டது. 1871-ல் மாட்டு வண்டியில் கோலார் போய்ப் பார்த்தார். 1873-ல் மைசூர் அரசிடம் விண்ணப்பம் போட்டு, 20 ஆண்டு சுரங்க உரிமையும் வாங்கினார்.

தங்கம் இருக்கு, உரிமையும் இருக்கு. அப்புறம் என்ன பிரச்னை? பொருளியல் பாடத்தில் நீங்கள் படித்த 'நிலைச் செலவு'தான். முதல் கிராம் வெளியே வருவதற்கு முன்பே குழி வெட்ட, தண்ணீர் இறைக்க, இயந்திரம் நிறுத்தப் பணத்தைக் கொட்டணும். தனி ஆளுக்குக் கட்டுமா? 1877-ல் உரிமையை ராணுவ அதிகாரிகள் குழு ஒன்றுக்குக் கைமாற்றிவிட்டார். அவர்களுக்கும் முதல் போதவில்லை. 1880-ல் லண்டனின் ஜான் டெய்லர் அண்ட் சன்ஸ் வந்தது. அதன்பிறகும் சில வருடம் கழித்துத்தான் லாபத்தைக் கண்ணில் பார்த்தார்கள்.

லாவெலைத் துரத்திய அதே கணக்கு கடைசியில் சுரங்கத்தையும் துரத்தியது. இந்த முறை இறுதிநிலைச் செலவு: ஆழம் கூடக்கூட அடுத்த கிராமுக்கான செலவு ஏறும். 3 கி.மீ.-க்கும் கீழே போன சுரங்கத்தை 2001 பிப்ரவரி 28-ல் மூடினார்கள், தங்கம் மிச்சம் இருக்கும்போதே. வட ஆற்காட்டிலிருந்து அங்கே போன தமிழ்த் தொழிலாளர்களின் பேரப்பிள்ளைகள் பலர், இன்றும் விடியற்காலை ரயிலேறி பெங்களூருவுக்கு வேலைக்கு வருகிறார்கள்.