கல்விக்கு ஈந்த கை – வில்லியம் மில்லர்

கோலார் தங்க வயலில் வாழும் பிள்ளைகளுக்குச் சயனைடு மேடுகளைக் காட்டித் தர வேண்டியதில்லை. மாரிக்குப்பத்திலிருந்தும் சாம்பியன் ரீஃபிலிருந்தும் நாள்தோறும் கண்ணில் படும் மேடுகள் அவை. 1880ஆம் ஆண்டில் ஜான் டெய்லர் நிறுவனத்தார் இங்குச் சுரங்கப் பணியைத் தொடங்கினர். வட ஆர்க்காட்டிலிருந்தும் சேலத்திலிருந்தும் தமிழ்க் குடும்பங்கள் பிழைப்பைத் தேடி இங்கு வந்தன. மூன்று கிலோமீட்டருக்கும் மேற்பட்ட ஆழத்தில் அவர்கள் வெட்டியெடுத்த பொன், கடல் கடந்து சென்றது. 2001இல் சுரங்கம் மூடப்பட்டது. பொன் போயிற்று; மண்மேடு நின்றது.

அதே காலத்தில், அதே பிரித்தானிய நாட்டிலிருந்து வந்த மற்றொருவர், தம் குடும்பப் பொருளைக் கொண்டுவந்து இம்மண்ணில் செலவிட்டார். அவர் சென்னைக் கிறித்தவக் கல்லூரியின் முதல்வராக விளங்கிய வில்லியம் மில்லர்.

இளமையும் வருகையும்

மில்லர் 1838ஆம் ஆண்டு ஸ்காட்லாந்தின் வடகோடியில் உள்ள தர்சோ என்னும் கடற்கரை ஊரில் பிறந்தார். வளமான வணிகக் குடும்பம் அவருடையது. அபர்தீனிலும் எடின்பரோவிலும் பயின்று தேர்ந்தார். சொந்த நாட்டிலேயே உயர்ந்த பதவி பெற்று வாழத்தக்க கல்வியும் செல்வமும் அவருக்கு இருந்தன. ஆயினும் இந்தியாவில் ஆசிரியப் பணி புரிய விரும்பி, 1862ஆம் ஆண்டின் இறுதியில் சென்னைக்கு வந்தார். அப்போது அவருக்கு வயது இருபத்து நான்கு.

பள்ளி கல்லூரியானது

ஜான் ஆண்டர்சன் என்பவர் 1837இல் சென்னையில் நிறுவிய பள்ளியொன்றின் பொறுப்பு மில்லரிடம் வந்தது. அது அப்போது தளர்ந்த நிலையில் இருந்தது. மில்லர் பாடத்திட்டத்தைச் சீர்செய்தார், நல்லாசிரியர்களைச் சேர்த்தார், உயர்கல்வி வகுப்புகளைத் தொடங்கினார். தனித்தனியே இயங்கிவந்த கிறித்தவச் சபைகள் சிலவற்றை ஒரே நோக்கத்தின்கீழ் இணைத்தார். அதன் பயனாக 1877ஆம் ஆண்டில் அந்நிறுவனம் சென்னைக் கிறித்தவக் கல்லூரி என்னும் பெயரைப் பெற்றது.

கட்டடம் எழுப்பவும் மாணவர் விடுதி அமைக்கவும் பொருள் தேவைப்பட்டது. மில்லர் பிறர் கொடையை மட்டும் எதிர்பார்த்து நிற்கவில்லை. தம் சொந்தப் பொருளை எடுத்துச் செலவிட்டார். அவர் மணம் புரிந்துகொள்ளவில்லை. கல்லூரியே குடும்பமாகவும் மாணவர்களே மக்களாகவும் அவர் வாழ்ந்தார். தொலைவிலுள்ள சிற்றூர்களிலிருந்து வந்த மாணவர்கள் தங்கிப் படிப்பதற்கு விடுதிகள் பேருதவியாக அமைந்தன. ஆசிரியரும் மாணவரும் வகுப்பறைக்கு வெளியிலும் பழகினால்தான் கல்வி முழுமை பெறும் என்பது அவர் கருத்து.

அவரை அனுப்பிய சபையாருள் சிலருக்கு ஒரு குறை இருந்தது. கல்லூரி வளர்ந்த அளவுக்குச் சமயம் மாறுவோர் தொகை பெருகவில்லை என்று அவர்கள் குறைகூறினர். மில்லர் அதற்கு அசையவில்லை. ஒரு மாணவனின் அறிவையும் ஒழுக்கத்தையும் வளர்ப்பதே ஆசிரியரின் கடமை. அந்த நல்லெண்ணங்கள் காலப்போக்கில் சமுதாயம் முழுவதும் பரவும் என்று அவர் நம்பினார். எச்சமயத்தைச் சேர்ந்த மாணவரும் அச்சமின்றிப் பயிலும் இடமாகக் கல்லூரி விளங்கியதற்கு அவரது இவ்வுறுதியும் ஒரு காரணம்.

பொதுப்பணி

1882ஆம் ஆண்டில் இந்தியக் கல்வியை ஆராய அரசு அமைத்த ஹண்டர் குழுவில் மில்லர் உறுப்பினராக இருந்தார். சென்னை மாகாணச் சட்டமன்றத்திலும் இடம் பெற்றார். 1901இல் சென்னைப் பல்கலைக்கழகத்தின் துணைவேந்தரானார். இத்தனை பொறுப்புகளுக்கு இடையிலும் பாடம் நடத்துவதை அவர் கைவிடவில்லை. ஷேக்ஸ்பியரின் நாடகங்களைக் கொண்டு வாழ்க்கை நெறிகளை விளக்குவது அவர் வழக்கம். லியர் மன்னன் நாடகத்தை இந்திய அரசியலோடு பொருத்திக்காட்டி நூலொன்றும் எழுதினார்.

தமிழ் மாணவரும் மில்லரும்

அவருடைய மாணவர்களுள் ஒருவர் மதுரையை அடுத்த விளாச்சேரியிலிருந்து வந்த சூரியநாராயண சாஸ்திரியார். தம் பெயரைப் பரிதிமாற் கலைஞர் என்று தூய தமிழில் மாற்றிக்கொண்டவர் இவரே. ஒருநாள் மில்லர் வகுப்பில் ஆங்கிலக் கவிஞர் டென்னிசனின் பாடலை விளக்கிக்கொண்டிருந்தார். ஆர்தர் மன்னன் இறுதியாகச் செல்லும் படகு, அன்னம் நீந்துவதுபோல் சென்றது என்னும் உவமை அதில் வந்தது. உடனே சூரியநாராயணர் எழுந்து, இவ்வுவமை தமிழுக்குப் புதிதன்று என்றார். குகன் செலுத்த, இராமன் கங்கையைக் கடந்த ஓடத்தைக் கம்பர் இளம் அன்னத்துக்கு ஒப்பிட்டுப் பாடியிருப்பதை எடுத்துக்காட்டினார். டென்னிசனுக்குப் பல நூற்றாண்டுகள் முந்தியவர் கம்பர் என்பதை அறிந்து மில்லர் வியந்து மகிழ்ந்தார் என்று தமிழறிஞர் வரலாறு கூறுகிறது.

மாணவர் ஒருவர் தம்மை இடைமறித்துப் பேசியதை மில்லர் குற்றமாகக் கொள்ளவில்லை. ஆளும் நாட்டின் மொழியைக் கற்பிக்கும் ஆசிரியருக்கு, ஆளப்படும் நாட்டின் மொழிப்பெருமையை அம்மாணவர் உணர்த்தினார். ஆசிரியரும் செவிகொடுத்துக் கேட்டார்.

சூரியநாராயணர் பட்டம் பெற்றபின் மெய்யியல் துறையில் ஆசிரியராகும்படி மில்லர் அழைத்தார். அவரோ தமிழாசிரியர் பணியையே விரும்பிக் கேட்டார். அக்காலத்தில் தமிழாசிரியருக்கு மதிப்பும் ஊதியமும் குறைவு. ஆயினும் மில்லர் அவர் விருப்பத்துக்கு இணங்கினார். 1893இல் அக்கல்லூரியிலேயே தமிழாசிரியராகச் சேர்ந்த பரிதிமாற் கலைஞர், தமிழ் உயர்தனிச் செம்மொழி என்று நிறுவப் பாடுபட்டார். 1903ஆம் ஆண்டில், தம் முப்பத்து மூன்றாம் வயதில் அவர் மறைந்தபோது, முதுமை எய்திய மில்லர் கண்கலங்கினார் என்பர்.

நன்றியும் நினைவும்

மில்லர் வாழும்போதே அவருடைய மாணவர்கள் பொருள் திரட்டிச் சென்னையில் அவருக்குச் சிலை எழுப்பினர். உடல்நலம் குன்றவே, 1907ஆம் ஆண்டு அவர் தாய்நாடு திரும்பினார். 1923இல் மறைந்தார். கல்லூரி 1937இல் தாம்பரத்துக்கு இடம்பெயர்ந்து இன்றும் சிறந்து விளங்குகிறது. பிற்காலத்தில் இந்தியக் குடியரசுத் தலைவரான டாக்டர் இராதாகிருஷ்ணனும் அக்கல்லூரியில் பயின்றவரே.

நிலத்திலிருந்து எடுக்கும் பொன் ஒருநாள் தீர்ந்துபோகும். தங்க வயல் அதைத் தன் கண்முன்னே கண்டது. கல்விக்கு ஈந்த பொருளோ தீர்வதில்லை. மெய்யியலை விடுத்துத் தமிழை விரும்பி ஏற்ற ஒரு மாணவரையும், அவ்விருப்பத்தை மதித்த ஓர் ஆசிரியரையும், வேற்று மாநிலத்தில் தமிழை விருப்பப் பாடமாகப் பயிலும் பிள்ளைகள் நினைவில் கொள்ளுதல் தகும்.

சொற்பொருள்
ஈதல் – கொடுத்தல். தளர்ந்த – வலிமை குன்றிய. மெய்யியல் – தத்துவம். நிறுவுதல் – சான்று காட்டி நிலைநாட்டுதல். குன்றுதல் – குறைதல்

விடை எழுதுக
1. சென்னைக் கிறித்தவக் கல்லூரி என்னும் பெயர் எந்த ஆண்டில் ஏற்பட்டது?
2. மில்லர்மீது சபையாருள் சிலர் கூறிய குறை யாது? அதற்கு அவர் கொண்ட கருத்து யாது?
3. டென்னிசன் பாடலிலும் கம்பர் பாடலிலும் உள்ள பொதுவான உவமையை விளக்குக.
4. உங்கள் குடும்பத்தார் தங்க வயலுக்கு எந்த ஊரிலிருந்து, எப்போது வந்தனர்? வீட்டுப் பெரியவர்களிடம் கேட்டுப் பத்து வரிகளில் எழுதுக.