கதவைத் தட்டிய கலைஞர்: ஜே. பி. சந்திரபாபு



சந்திரபாபு என்ற பெயரைச் சொன்னதும் நம் பங்கின் முதியோர் பலருக்கு முகம் மலரும். ஆனால் அவருடைய இயற்பெயர் உங்களில் எத்தனை பேருக்குத் தெரியும்? ஜோசப் பனிமயதாஸ் என்பதே அது. பனிமய மாதாவின் அடியான் என்று பொருள்.

பனிமய மாதாவின் திருநாள் வரும் ஆகஸ்டு மாதத்தில், 1927-ஆம் ஆண்டு, அந்த மாதாவின் நகரமாகிய தூத்துக்குடியில் அவர் பிறந்தார். தந்தையார் சுதந்திரப் போராட்ட வீரர், பத்திரிகை நடத்தியவர். ஆங்கில அரசின் அடக்குமுறையால் குடும்பம் கொழும்புக்குப் பெயர நேர்ந்தது. மகன் அங்கேயே படித்து வளர்ந்தார். 1943-இல் அவர்கள் சென்னைக்கு வந்து திருவல்லிக்கேணியில் குடியேறினார்கள்.

இளைஞருக்குச் சினிமாமீது தீராத ஆசை. 1947-இல் 'தன அமராவதி' படத்தில் ஒரு சிறு வேடம் கிடைத்தது. அதன்பின் பல வருஷங்கள் ஸ்டூடியோ ஸ்டூடியோவாக அலைந்தார். கதவுகள் எளிதில் திறக்கவில்லை. முடிவில் மனம் உடைந்து, ஜெமினி ஸ்டூடியோவிலேயே தம் உயிரை மாய்த்துக்கொள்ள முயன்றார். இறைவன் அருளால் பிழைத்தார். அந்நாளில் அது சட்டப்படி குற்றமாதலால் வழக்கு மன்றத்தில் நின்றார். அங்கே தீக்குச்சியைக் கிழித்துத் தம் கையைச் சுட்டுக்கொண்டு, சுட்டது பிறர் கண்ணுக்குத் தெரியும், உள்ளத்தின் வலி தெரியாது என்று நீதிபதிக்கு உணர்த்தினாராம். எச்சரிக்கையோடு விடுதலை கிடைத்தது. ஜெமினி அதிபர் எஸ். எஸ். வாசன் 1952-இல் 'மூன்று பிள்ளைகள்' படத்தில் அவருக்கு வேடம் தந்தார்.

கவனியுங்கள்: அன்றே முடிந்திருக்கக்கூடிய வாழ்வு அது. அதன் பிறகு தமிழகம் அடைந்த சந்தோஷத்தைக் கணக்கிட முடியுமா? 'குலேபகாவலி', 'புதையல்', 'நாடோடி மன்னன்', 'சகோதரி', 'அன்னை' என்று படங்கள் தொடர்ந்தன. 1958-இல் வந்த 'சபாஷ் மீனா'வில் இரட்டை வேடம். தூத்துக்குடியில் பிறந்து கொழும்பில் வளர்ந்தவர், சென்னை ரிக்‌ஷாக்காரரின் பேச்சை அச்சாகப் பேசினார். ஆட்டமும் அவருடையது, பாட்டும் அவருடைய சொந்தக் குரல். மேனாட்டார் குரலைச் சட்டென்று மேலும் கீழும் புரட்டிப் பாடும் முறையைத் தமிழ்ப் பாட்டில் கலந்து மக்களை மயக்கினார்.

ஆனால் ஊரைச் சிரிக்க வைத்தவர் வீட்டில் சிரிப்பு நிலைக்கவில்லை. மணவாழ்வு சீக்கிரமே முறிந்தது. 1960-இல் 'கவலை இல்லாத மனிதன்' என்ற படத்தின் நாயகனாக நடித்தவரைக் கவலை விடவில்லை. தாமே இயக்கத் தொடங்கிய 'மாடி வீட்டு ஏழை' பாதியில் நின்று, அவரைக் கடனாளியாக்கியது. 1966-இல் தாம் இயக்கிய படத்துக்கு 'தட்டுங்கள் திறக்கப்படும்' என்று சுவிசேஷ வாக்கையே பெயராக வைத்தார். அதுவும் அவரைக் கரையேற்றவில்லை. துயரத்தை மறக்கக் குடியை நாடினார். குடி உடலைத் தின்றது. 1974 மார்ச் 8-ஆம் நாள், 46-ஆம் வயதில், காலமானார். சென்னை சாந்தோமை அடுத்த குயிபிள் தீவுக் கல்லறையில் அடக்கம் செய்யப்பட்டார்.

அவருடைய குறைகளைத் தீர்ப்பிட நாம் யார்? நாம் கற்க வேண்டியது வேறு. இளைஞரே, ஒரு கதவு திறக்காததால் வாழ்வே மூடிவிட்டது என்று எண்ணாதீர்கள். மறுநாள் எந்தக் கதவு திறக்கும் என்பதை யாரும் அறியார். பெற்றோரே, வீட்டில் எப்போதும் வேடிக்கை பேசும் பிள்ளையையும் ஒருநாள் அருகே அழைத்து, மனம் எப்படி இருக்கிறது என்று கேளுங்கள். குடியில் ஆறுதல் தேடும் அண்டை வீட்டாரை ஏசுவதற்கு முன், அவருடைய வலி என்ன என்று விசாரியுங்கள். மனம் தாங்காத பாரத்தோடு யார் வந்தாலும், இரவோ பகலோ, பங்குசாமியார் வீட்டுக் கதவைத் தட்டலாம்.

இனி அவருடைய பாட்டு உங்கள் காதில் விழுந்தால், சிரித்துவிட்டு, பனிமய மாதாவின் அந்த மகனுடைய ஆத்தும இளைப்பாற்றிக்காக ஒரு அருள்நிறை மந்திரம் சொல்லுங்கள்.