கங்கையில் கரைந்த அமெரிக்க இசை மேதை!

சேலம், ஏற்காடு பக்கம் அஸ்தி கரைக்க பவானி கூடுதுறைக்குப் போவார்கள். வசதி உள்ளவர்கள் காசிக்கே போவார்கள். அமெரிக்கக் கறுப்பர் ஒருவரின் அஸ்தியும் கங்கைக்கு வந்தது. அவர்தான் சார்லஸ் மிங்கஸ்.

ஜாஸ் இசையில் டபிள் பாஸ் வாசிப்பதில் அவர் மன்னர். ஆள் உயரத்தைத் தாண்டும் ராட்சத பிடில் அது.

1922-ல் அரிசோனாவில் பிறந்தார். அப்பா ராணுவத்தில் இருந்தவர். சிறு வயதில் செல்லோ வாத்தியம் பழகினார். வெள்ளைக்காரர் இசைக்குழுவில் கறுப்பர்களுக்கு ஏது இடம்? டபிள் பாசுக்கு மாறினார். அதுவே சோறு போட்டது. லூயி ஆம்ஸ்ட்ராங், சார்லி பார்க்கர் ஆகியோருடன் வாசித்தார்.

கோபக்காரர்

ஆள் மகா கோபக்காரர். 1957-ல் அர்கன்சாஸ் கவர்னர், கறுப்பு மாணவர்கள் 9 பேரை பள்ளிக்கூடத்துக்குள் விடாமல் பட்டாளத்தை நிறுத்தினார். அந்தக் கவர்னரைக் கேலி செய்தே இசை அமைத்தார் மிங்கஸ்.

கை விளங்கவில்லை

1977-ல் நரம்பு நோய் தாக்கியது. கை விளங்காமல் போயிற்று. மனுஷர் விடவில்லை. சக்கர நாற்காலியில் உட்கார்ந்தபடி வாயால் பாடி, டேப்பில் பதிவு செய்து இசை அமைத்தார்.

5.1.1979 அன்று மெக்சிகோவில் காலமானார். வயது 56. அவர் விருப்பப்படியே மனைவி சூ, அஸ்தியைக் கொண்டுவந்து கங்கையில் கரைத்தார்.

இசைக்குழுவில் இடம் கிடைக்காதவர் பெயரிலேயே பிறகு நியூயார்க்கில் ஓர் இசைக்குழு உருவானது!